வகுப்பறையைப் பற்றி ஆசிரியர் பேசட்டும்: பள்ளிக் கல்வித் துறைக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாடு பள்ளிக் கல்வித் துறையின் செயலர், இயக்குநர்கள், மாவட்ட முதன்மைக் கல்வி அலுவலர்கள் அனைவருக்கும்,

வணக்கம்.

நான் அரசு உயர்நிலைப் பள்ளியில் கணக்கு நடத்தி ஓய்வு பெற்ற பட்டதாரி ஆசிரியர். ஓய்வுக்குப் பிறகு யூடியூபில் ஓர் உரையாடல் நிகழ்ச்சி நடத்திவருகிறேன். பள்ளிக்கூடம் எப்படி மாறவேண்டும் என்பதுதான் அதன் ஒரே பொருள். ஆசிரியர், பெற்றோர், பழைய மாணவர், சில சமயம் பள்ளி மேலாண்மைக் குழுத் தலைவர் என்று யாராவது வந்து பேசுவார்கள். ஒருவர் சொன்னதை மறுக்க இன்னொருவர் அடுத்த வாரம் வருவார். அப்படி மறுக்க ஆள் வரவேண்டும் என்பதற்காகத்தான் நடத்துகிறேன்.

உங்களிடம் கேட்க வந்தது ஒன்றுதான். பணியில் இருக்கும் அரசுப் பள்ளி ஆசிரியர் தன் சொந்தப் பெயரில், தன் வகுப்பறையைப் பற்றி, பயமில்லாமல் பொதுவெளியில் பேச நீங்கள் வழிசெய்ய வேண்டும்.

இப்போது எப்படி நடக்கிறது என்று சொல்கிறேன். பேச அழைத்தால் பெரும்பாலானவர்கள் கேட்கும் முதல் கேள்வி, "முகம் தெரியுமா சார்?" என்பது. தெரியாது என்றால் அடுத்து, "குரலை மாற்றிப் போடுவீர்களா?" பெயர், ஊர், ஒன்றியம் எல்லாவற்றையும் எடுத்துவிடச் சொல்கிறார்கள். இயற்பியல் நடத்தும் ஓர் ஆசிரியை, தான் எந்தப் பாடம் நடத்துகிறார் என்பதையும் சொல்லக் கூடாது என்றார். "எங்கள் பக்கத்தில் பிளஸ் டூ பிசிக்ஸுக்கு நான் ஒருத்திதான் சார். பாடத்தைச் சொன்னால் ஆளைச் சொன்ன மாதிரி." அவர் பேச வந்தது அரசைத் திட்டுவதற்கு இல்லை. செய்முறைத் தேர்வுக்கு ஒதுக்கப்படும் நேரத்தை எப்படி மாற்றினால் பிள்ளைகள் உண்மையிலேயே கருவியைத் தொட்டுச் செய்து பார்ப்பார்கள் என்று ஒரு யோசனை வைத்திருந்தார். பாடத்தின் பெயரை எடுத்துவிட்டால் அந்த யோசனையில் என்ன மிஞ்சும்? கடைசியில் அந்தப் பதிவை வெளியிடவே இல்லை.

அவர் பயப்படுவதற்குக் காரணம் இருக்கிறது. 1973ஆம் ஆண்டின் தமிழ்நாடு அரசுப் பணியாளர் நடத்தை விதிகள், அரசின் கொள்கையையோ நடவடிக்கையையோ பணியாளர் வெளியில் விமர்சிப்பதைத் தடுக்கின்றன. 2023ல் அரசுப் பள்ளி ஆசிரியர் ஒருவர் சமூக ஊடகத்தில் கல்வித் திட்டங்களைப் பற்றி எழுதியதற்காகத் தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்ட செய்தி எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தது. அந்த ஒரு செய்தி மாநிலம் முழுவதும் ஸ்டாஃப் ரூம்களில் என்ன வேலை செய்தது என்று உங்களுக்குத் தெரியுமோ தெரியாதோ. "17பி வாங்கிக்கொண்டு அலையணுமா?" என்ற கேள்விக்குப் பிறகு யாரும் வாயைத் திறப்பதில்லை. 17பி என்பது பெரிய தண்டனை வரை போகக்கூடிய ஒழுங்கு நடவடிக்கைக் குறிப்பாணை. பதவி உயர்வு, மாறுதல் கலந்தாய்வு, ஓய்வூதியம் எல்லாம் ஒரு குற்றச்சாட்டுக் குறிப்பாணையில் வந்து நிற்கும் வாழ்க்கை அவர்களுடையது. அவர்களைக் கோழை என்று சொல்ல எனக்கு மனம் வராது.

ஆசிரியர் பேசாததால் என்ன நஷ்டம் என்று நீங்கள் கேட்கலாம். 2025 ஜூலையில் நடந்ததை நினைத்துப் பாருங்கள். கேரளத்தில் ஒரு மலையாளப் படம் கடைசி பெஞ்ச் என்பதே இருக்கக் கூடாது என்று பேசியது. அங்கே சில பள்ளிகள் பெஞ்சுகளை அரைவட்டமாகப் போட்டன. செய்தி பரவி நம் ஊருக்கும் வந்தது. வகுப்பறைகளில் 'ப' வடிவில் இருக்கைகளைப் போடும்படி இங்கேயும் சுற்றறிக்கை வந்தது. அதன் பின்னால் இருந்த எண்ணத்தை நான் குறை சொல்லவே மாட்டேன். ஒரு படம் வகுப்பறையைப் பற்றி ஒரு மாநிலத்தையே பேசவைத்தது பெரிய விஷயம்.

ஆனால் வகுப்பறையில் நின்று பார்த்தால் கணக்கு வேறு மாதிரி வருகிறது. நம் அரசுப் பள்ளி அறை பல இடங்களில் 20க்கு 20 அடி. கரும்பலகைச் சுவரை விட்டால் மற்ற மூன்று சுவரும் சேர்ந்து 60 அடி. கதவு, பீரோ, இரண்டு மூலைகள் எல்லாம் போக 45 அடி கிடைத்தால் அதிகம். ஒரு பிள்ளை உட்கார்ந்து எழுத ஒன்றரை அடியாவது வேண்டும். 30 பேர் உட்காரலாம். வகுப்பில் 45 பேர் இருந்தால் மீதி 15 பேரை எங்கே உட்கார வைப்பது? உள்ளே இன்னொரு வரிசை போடவேண்டும். உள்வரிசை வந்த நிமிடமே வெளிவரிசை கடைசி பெஞ்ச் ஆகிவிடும். அதோடு, பக்கவாட்டில் உட்காரும் பிள்ளை நாள் முழுக்கக் கழுத்தைத் திருப்பியே பலகையைப் பார்க்க வேண்டும். 18 பிள்ளைகள் மட்டும் இருக்கும் வகுப்பில் இதே ஏற்பாடு அருமையாக நடக்கும். தொடக்கப் பள்ளிகளிலோ, 2007லிருந்து செயல்வழிக் கற்றல் வந்தபோதே பாய் விரித்துக் குழுக்குழுவாக உட்காருவது பழக்கமாகிவிட்டது. ஆக, எந்த வகுப்புக்கு இது பொருந்தும், எதற்குப் பொருந்தாது என்று சொல்லத் தெரிந்த இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட ஆசிரியர்கள் உங்களிடமே இருக்கிறார்கள். அந்த வாரம் தொலைக்காட்சிகளில் மருத்துவர்கள் பேசினார்கள், கட்சிக்காரர்கள் பேசினார்கள், திரைப்பட விமர்சகர்கள்கூடப் பேசினார்கள். அளவுநாடாவைப் பிடித்துத் தன் அறையை அளந்து காட்டக்கூடிய ஆசிரியர் ஒருவரைக்கூட நான் திரையில் பார்க்கவில்லை.

11ஆம் வகுப்புப் பொதுத்தேர்வின் கதையும் இதுதான், இன்னும் நீளமாக. பல தனியார் பள்ளிகள் 11ஆம் வகுப்புப் பாடத்தை ஒப்புக்கு நடத்திவிட்டு, 12ஆம் வகுப்புப் பாடத்தையே இரண்டு வருடம் உருப்போட வைத்தன. இது ஊரறிந்த விஷயம். அதைத் தடுக்க 2017ல் 11க்கும் பொதுத்தேர்வு என்று அறிவித்தீர்கள். 2018 மார்ச்சில் முதல் தேர்வு நடந்தது. அதே ஆண்டு செப்டம்பரில், உயர்கல்விக்கு 12ஆம் வகுப்பு மதிப்பெண் மட்டும் போதும் என்று அறிவிப்பு வந்தது. எதற்காகத் தேர்வு வந்ததோ அந்தக் காரணம் அன்றே பாதி போய்விட்டது. அப்புறம் 2025 ஆகஸ்டில் மாநிலக் கல்விக் கொள்கை வெளியானபோது தேர்வே போய்விட்டது. இடையில் 10, 11, 12 என்று தொடர்ந்து மூன்று வருடம் பொதுத்தேர்வு எழுதிய பிள்ளைகள், 11ல் தவறிய பாடத்தையும் சுமந்துகொண்டு 12ல் உட்கார்ந்த பிள்ளைகள் எத்தனையோ பேர்.

தேர்வை எடுத்தது சரி என்பதுதான் என் கருத்து. 16 வயதுப் பிள்ளைக்கு மூன்று வருடம் மூச்சுவிட நேரமில்லாமல் செய்தது அநியாயம். ஆனால் என் நிகழ்ச்சிக்குப் பேசிய வேதியியல் ஆசிரியர் ஒருவர் இதை அடியோடு மறுத்தார். அந்தத் தேர்வு இருந்ததால்தான் தன் பள்ளியில் 11ஆம் வகுப்புக்கு முழு நேர ஆசிரியர் கிடைத்தார், ஆய்வகத்துக்குப் பொருள் வந்தது, இனி 11ஐ யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள் என்றார். என்னிடம் அதற்கு நல்ல பதில் இல்லை. அவர் சொன்னது துறைக்கும் தெரியவேண்டிய செய்தி, பெற்றோருக்கும் தெரியவேண்டிய செய்தி. அவர் பெயரைப் போட்டு, அவர் பள்ளியின் அட்டவணையைக் காட்டி அதைச் சொல்லியிருந்தால் அந்தப் பேச்சுக்கு இருந்திருக்கும் எடையே வேறு. முகமில்லாத குரலை யார் நம்புவார்கள்?

பகிரங்கமாக விவாதித்தால் நன்மை வரும் என்பதற்கு நம் கண்முன்னே சான்று இருக்கிறது. 2019 செப்டம்பரில் 5ஆம் வகுப்புக்கும் 8ஆம் வகுப்புக்கும் பொதுத்தேர்வு என்று அரசாணை வந்தது. பத்து வயதுக் குழந்தை எங்கே போய்த் தேர்வு எழுதும், தோற்றால் அந்த வீட்டில் என்ன நடக்கும், பெண் குழந்தையைத் திரும்பப் பள்ளிக்கு அனுப்புவார்களா என்று பத்திரிகைகளிலும் தொலைக்காட்சியிலும் மாதக்கணக்கில் பேச்சு நடந்தது. கல்வியாளர்கள், மனநல மருத்துவர்கள், எழுத்தாளர்கள், பெற்றோர் எல்லாரும் பேசினார்கள். 2020 பிப்ரவரி 4ஆம் தேதி அரசு அந்த ஆணையைத் திரும்பப் பெற்றது. அதனால் அரசுக்கு எந்தக் குறையும் வந்துவிடவில்லை. மக்கள் பேசியதைக் கேட்டது என்ற நல்ல பெயர்தான் வந்தது.

வே. வசந்தி தேவி அம்மாவை இங்கே நினைக்காமல் இருக்க முடியவில்லை. மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக இருந்தவர், ஓய்வுக்குப் பிறகு பல்கலைக்கழகங்களை விட்டு ஊர்ப்பள்ளிகளின் பக்கம் வந்தார். பள்ளி மேலாண்மைக் குழுக்களுக்கு உயிர் வரவேண்டும், அரசுப் பள்ளி நம் பள்ளி என்று பெற்றோர் உணரவேண்டும் என்று எழுதினார், மேடை மேடையாகப் பேசினார். 2025 ஆகஸ்டு தொடக்கத்தில் காலமானார். அவரைப் போலப் பேச ஓய்வு பெறும் வரை காத்திருக்க வேண்டும் என்பது நல்ல ஏற்பாடு இல்லை. வகுப்பறையில் நிற்கும்போது தெரிவது வேறு, விலகி வந்த பிறகு ஞாபகத்தில் இருப்பது வேறு. நான் சாக்பீஸைக் கீழே வைத்த பிறகு தொடக்க வகுப்புகளுக்கு வந்த, வாசிப்பும் அடிப்படைக் கணக்கும் கற்றுத்தரும் 'எண்ணும் எழுத்தும்' திட்டத்தைப் பற்றிப் பேச எனக்கு என்ன அனுபவம் இருக்கிறது? தினமும் அதை நடத்தும் இடைநிலை ஆசிரியர்தான் சொல்லவேண்டும்.

உங்கள் துறைக்கே இதில் ஒரு பெருமையான மரபு இருக்கிறது. நெ. து. சுந்தரவடிவேலு பொதுக்கல்வி இயக்குநராக இருந்தபோது பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளைத் தொடங்கினார். முதல் மாநாடு 1958ல் கடம்பத்தூரில். பள்ளியில் என்ன இல்லை என்று ஊர் கூடிப் பட்டியல் போட்டது. கூரை இல்லை, பெஞ்சு இல்லை, மணி இல்லை, கரும்பலகை இல்லை. அந்தப் பட்டியலை ஒளித்துவைக்காமல் மேடையில் வைத்தார்கள். மக்கள் கொடுத்தார்கள், மாநாடு ஊர் ஊராகப் பரவியது. குறையை வெளியில் சொன்னவர் ஓர் அரசு அதிகாரி, அதுவும் துறையின் தலைமை அதிகாரி. அன்றைக்கு யாரும் துறைக்குக் கெட்ட பெயர் வந்துவிட்டது என்று சொல்லவில்லை.

லடாக்கிலும் இப்படி ஒன்று நடந்திருக்கிறது. அங்கே பிள்ளைகளுக்கு வீட்டு மொழி லடாக்கி, பள்ளியில் உருது, உயர்வகுப்பு வந்ததும் திடீரென்று ஆங்கிலம். பெரும்பாலானவர்கள் பத்தாம் வகுப்பில் தோற்றார்கள். சோனம் வாங்சுக்கும் அவருடைய நண்பர்களும் 1988ல் மாணவர்களுக்கான ஓர் இயக்கத்தைத் தொடங்கினார்கள். 1993ல் லடாக்குக்கென்றே ஓர் இதழ் தொடங்கி அதை அவரே பல வருடம் நடத்தினார். அடுத்த வருடமே அரசும் கிராமக் கல்விக் குழுக்களும் சேர்ந்து பள்ளிகளைச் சீர்திருத்தும் வேலை தொடங்கியது. பேச ஓர் இடமும் செய்ய ஓர் இடமும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. நமக்கு இரண்டாவது இருக்கிறது. சட்டப்படி நான்கில் மூன்று பங்கு பெற்றோர் இருக்கும் மேலாண்மைக் குழு ஒவ்வொரு அரசுப் பள்ளியிலும் இருக்கிறது. தீர்மானங்களைச் செயலியில் ஏற்றுகிறோம். ஏற்றிய பிறகு பக்கத்து ஊர்ப் பள்ளிக்குக்கூட அது தெரிவதில்லை.

உங்கள் தரப்பில் என்ன சொல்வீர்கள் என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் அதைச் சில அதிகாரிகள் என்னிடமே சொல்லியிருக்கிறார்கள். அனுமதித்தால் ஆளாளுக்குக் கட்சி பேசுவார்கள் என்பார்கள். தலைமை ஆசிரியர் மேல் இருக்கும் சொந்தக் கோபத்தைக் கேமரா முன்னால் தீர்த்துக்கொள்வார்கள் என்பார்கள். பிள்ளைகளின் விவரம் வெளியே போய்விடும் என்பார்கள். மூன்றாவதை நான் முழுமையாக ஒப்புக்கொள்கிறேன். பிள்ளையின் முகம், பெயர், மதிப்பெண், குடும்பக் கஷ்டம் எதுவும் எந்தத் திரையிலும் வரக் கூடாது. என் நிகழ்ச்சியில் ஒரு மாணவரின் முகத்தைக்கூட நாங்கள் காட்டுவதில்லை. இதில் துறை இன்னும் கண்டிப்பாக இருந்தால் நான் சந்தோஷப்படுவேன். வாசிக்கத் தெரியாத பிள்ளையைக் கேமரா முன் நிறுத்தி வாசிக்கச் சொல்வதை எந்தத் தொலைக்காட்சி செய்தாலும் நடவடிக்கை எடுங்கள்.

மற்ற இரண்டுக்கும் எல்லை வகுக்கலாம். கட்சி, சாதி, மதம், தனி நபர் தாக்குதல், விசாரணையில் இருக்கும் வழக்கு இவற்றைப் பேசக் கூடாது என்று எழுதுங்கள். பாடத்திட்டம், பாடநூல், தேர்வு முறை, மதிப்பீடு, கால அட்டவணை, பயிற்சி, எமிஸ் பதிவு (பள்ளி, மாணவர் விவரங்களைத் துறையின் இணையதளத்தில் ஏற்றுவது), வகுப்பறை வசதி இவற்றைப் பற்றித் தன் அனுபவத்தைச் சொல்வது நடத்தை விதியை மீறுவது ஆகாது என்றும் எழுதுங்கள். இரண்டு பக்கச் சுற்றறிக்கை போதும். இன்றைக்கு ஆசிரியர் பாடல் பாடி, நடனமாடிப் பாடம் நடத்தும் காணொளியைத் துறையே பகிர்ந்து பாராட்டுகிறது. பாராட்ட வேண்டியதுதான், நானும் பாராட்டுகிறேன். அதே ஆசிரியர், "ஆறாம் வகுப்புக்கு வரும் பிள்ளைகளில் பலருக்கு வகுத்தல் வரவில்லை, எனக்கு முதல் இரண்டு மாதம் பாடப்புத்தகத்தைத் தொடாமல் இருக்க அனுமதி வேண்டும்" என்று மூன்று நிமிடம் பேசினாலும் அதே மரியாதை கிடைக்கவேண்டும்.

இன்னொரு கோரிக்கை துறையே நடத்தும் கல்வித் தொலைக்காட்சியைப் பற்றி. 2019 ஆகஸ்டில் அது தொடங்கியபோது மகிழ்ந்தவர்களில் நானும் ஒருவன். கொரோனாக் காலத்தில் செல்போன் இல்லாத வீடுகளுக்குப் பாடம் போய்ச் சேர்ந்தது அதன் வழியாகத்தான். சென்னை கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகக் கட்டடத்தில் அதற்கு நல்ல படப்பிடிப்புத் தளம் இருக்கிறது, பழகிய ஆட்கள் இருக்கிறார்கள். வாரத்தில் ஒரு மணி நேரம், நேரலையில், ஒரு சீர்திருத்தத்தை மட்டும் எடுத்து விவாதிக்கலாமே. ஓர் அதிகாரி, மாற்றுக் கருத்துள்ள இரண்டு ஆசிரியர்கள், ஒரு பெற்றோர். தொலைபேசியில் யார் வேண்டுமானாலும் கேட்கட்டும். முதல் சில வாரங்கள் சங்கடமாக இருக்கும், கேள்விகள் சூடாக வரும். பரவாயில்லை. தனியார் செய்தித் தொலைக்காட்சிகளை நம்பி இதை விட்டுவிட முடியாது. தேர்வு முடிவு நாளிலும், நீட் பிரச்சினையிலும், எங்காவது மேற்கூரை இடிந்து விழுந்தாலும்தான் அவர்களுக்குப் பள்ளி நினைவுக்கு வருகிறது. அப்போதும் அழைப்பது கட்சிப் பேச்சாளர்களைத்தான்.

ஆசிரியர்களுக்கென்று துறையே நடத்தும் 'கனவு ஆசிரியர்' இதழிலும் சில பக்கங்களை மாற்றுக் கருத்துக்கு ஒதுக்கலாம். வெற்றிக் கதைகள் இருக்கட்டும். கூடவே, ஒரு திட்டம் தன் பள்ளியில் ஏன் நடக்கவில்லை என்று ஓர் ஆசிரியர் எழுதினால் அதையும் போடுங்கள், துறையின் பதிலையும் அடுத்த இதழில் போடுங்கள். அந்தப் பக்கத்தைத்தான் எல்லாரும் முதலில் புரட்டுவார்கள்.

மிகவும் முக்கியமாக நினைப்பது இது: பெரிய மாற்றம் எதையும் ஆணையாக வெளியிடுவதற்கு முன் வரைவாக வெளியிடுங்கள். ஒரு மாதம் போதும். இப்போது ஆசிரியர்கள் தங்கள் வேலை மாறப்போவதைத் தொலைக்காட்சியின் கீழே ஓடும் வரியைப் பார்த்துத் தெரிந்துகொள்கிறார்கள். மறுநாள் காலை பிள்ளைகள் கேட்கும் கேள்விக்கு அவர்களிடம் பதில் இல்லை. 2011ல் சமச்சீர்க் கல்வி, அதாவது எல்லாப் பள்ளிக்கும் ஒரே பாடத்திட்டம் பற்றிய வழக்கு நடந்தபோது பள்ளி திறந்தும் உச்ச நீதிமன்றம் ஆகஸ்டில் தீர்ப்புச் சொல்லும் வரை பிள்ளைகள் புத்தகம் இல்லாமல் உட்கார்ந்திருந்தார்கள். தினமும் "சார், புக்கு எப்போ வரும்?" என்று கேட்டார்கள். எங்களுக்குத் தெரிந்தது அன்றைய செய்தித்தாளில் வந்தது மட்டும்தான். அந்த நிலைமை இன்னொரு தலைமுறைக்கு வரவேண்டாம்.

எங்கள் அடுத்த உரையாடல், ஆறாம் வகுப்புக்கு வரும் பிள்ளைகளின் வாசிப்பும் அடிப்படைக் கணக்கும் பற்றியது. துறையிலிருந்து யாராவது ஒருவர் வந்து பேசவேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். வட்டாரக் கல்வி அலுவலர் வந்தாலும் சரி, இயக்குநர் வந்தாலும் சரி. கேள்விகளை ஒரு வாரம் முன்னதாகவே அனுப்பிவிடுகிறேன். பேசியதில் ஒரு வரியையும் வெட்ட மாட்டோம், வெளியிடும் முன் பதிவை உங்கள் பார்வைக்கு அனுப்புகிறோம். கூடவே, பணியில் இருக்கும் ஆசிரியர் ஒருவரும் தன் பெயரோடு கலந்துகொள்ள எழுத்துமூலம் அனுமதி கொடுங்கள். யாரை அனுப்புவது என்பதையும் நீங்களே முடிவு செய்யலாம்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற பட்டதாரி ஆசிரியர் (கணிதம்),
விழுப்புரம் மாவட்டம்